மலையில் நடக்கலாமா?

நாகேஸ்வர ராவ் பூங்காவிலும் எலியட்ஸ் கடற்கரையிலும் நாள்தோறும் நடந்து பழகிய நோயாளிகள் பலர், கோடை நெருங்குகையில் எங்களிடம் கேட்பது இதுதான்: “நீலகிரியில் நடக்கலாமா, டாக்டர்?” நாங்கள் விடை கூறுமுன்பே, உடன் வந்த மகனோ மகளோ “வேண்டவே வேண்டாம்” என்று சொல்லிவிடுவது உண்டு. அம்மறுப்பு அன்பில் பிறந்தது. ஆயினும், அது எல்லோருக்கும் பொருந்தும் மருத்துவ முடிவு அன்று என்பதே எங்கள் கருத்து.

நீலகிரியின் மேட்டுநிலம் நடந்தே காணத்தக்கது. மலைமடிப்புகளில் சோலைக்காடு, சரிவுகளில் புல்வெளி, இடையிடையே தோடர்களின் மந்துகள், மூங்கிலும் பிரம்பும் புல்லும் கொண்டு வளைகூரையாக அமைந்த அவர்களுடைய கோயில்கள். புல்வெளியின் பெரும்பகுதி தேயிலைக்கும் யூகலிப்டஸுக்கும் சீகை மரத்துக்கும் இடமாகிவிட்டது. எஞ்சியிருப்பது இன்றும் மழைநீரைத் தேக்கிப் பவானிக்கும் மோயாற்றுக்கும் வழங்குகிறது. காரின் கண்ணாடி வழியே இவை முழுதும் விளங்கா.

எனினும், இரவு சென்னையில் நீலகிரி எக்ஸ்பிரஸில் ஏறுபவர், மறுநாள் நண்பகலுக்குள் ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் உதகையில் இருக்கிறார். அங்கு ஒவ்வொரு மூச்சிலும் கிடைக்கும் ஆக்சிஜன், கடல்மட்டத்தில் கிடைப்பதில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கே. சமதரையில் 5 கிலோமீட்டர் எளிதாக நடப்பவருக்கும் அங்கே மூச்சு வாங்கும்.

ஆதலால், பயணச்சீட்டு எடுத்த பின்னர் அன்று, இரண்டு மாதங்களுக்கு முன்னரே கேளுங்கள். இதயம், நுரையீரல், இரத்தசோகை ஆகியவற்றைப் பரிசோதித்துச் சொல்கிறோம். அண்மையில் மாரடைப்பு வந்தவருக்கும் நெஞ்சுவலி கட்டுப்படாதவருக்கும் “இம்முறை வேண்டாம்” என்றே கூறுவோம். ஏனையோர் மாடிப்படிகளில் ஏறி இறங்கிப் பழகலாம்.

மலையில் முதல் நாள் ஓய்வு கொள்ளுங்கள். பேசிக்கொண்டே நடக்க இயலும் வேகமே உங்களுக்குரிய வேகம். மாத்திரைகள் விடுதி அறையில் அன்று, தோள்பையில் இருக்கட்டும். இன்சுலின் எடுப்பவர் குளுக்கோஸும் வைத்திருக்க வேண்டும். நெஞ்சுவலியோ மயக்கமோ ஓய்வெடுத்தும் தணியாத மூச்சுத்திணறலோ வந்தால், நடையை அங்கேயே நிறுத்தி உதவி கோருங்கள். முக்குருத்தி போன்ற காப்பிடங்களுக்கு வனத்துறை அனுமதியின்றிச் செல்லாதீர்கள்; எங்கும் தனியே செல்லாதீர்கள்.

“வேண்டாம்” என்ற சொல்லுக்கு அஞ்சி, நோயை மறைத்து மலையேறுபவரே எங்களுக்கு மிகுந்த கவலை தருகிறார். அவர் தளர்ந்து விழுந்தால், உடன் நடப்பவருக்கு அவர் பையிலுள்ள மாத்திரை எதற்கு என்பதுகூடத் தெரிந்திராது. குடும்பத்தினரே, தடுக்குமுன் அவரோடு எங்களிடம் வாருங்கள். கூடி அமர்ந்து முடிவு செய்வோம்.