டி.ஆருக்கு சங்கீதம் தெரியாதா?

டி.ராஜேந்தர் மேஜையைத் தட்டி வாயாலேயே டிரம்ஸ் அடிக்கும் வீடியோ வந்தால் எங்க வகுப்பு வாட்ஸ்அப் குரூப்பில் அன்றைக்குத் திருவிழாதான். நானும் சிரிப்பேன், பொய் சொல்லவில்லை. ஆனால் "முறையா சங்கீதம் கத்துக்காத ஆளு, இவரெல்லாம் மியூசிக் டைரக்டரா?" என்று ஒருத்தன் கேட்டதும் கொஞ்சம் கடுப்பாகிவிட்டது.

1980-இல் வந்த 'ஒருதலை ராகம்' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ஏழு பாட்டு. எழுதி மெட்டுப் போட்டவர் இவர்தான். டி.எம்.எஸ். இரண்டு, எஸ்.பி.பி. இரண்டு, ஜெயச்சந்திரன், மலேசியா வாசுதேவன், ஜாலி ஆபிரகாம் ஆளுக்கு ஒன்று. பெண் குரலில் ஒரு பாட்டுகூடக் கிடையாது! கதாநாயகி தன் காதலை வாய்விட்டுச் சொல்லாமல் அடக்கி வைத்திருக்கும் கதை அது. நடுவில் அவளுக்கு ஒரு கனவுப் பாட்டு கொடுத்திருந்தால் அவள் மனசில் இருப்பதைப் பாட்டே போட்டுக் கொடுத்திருக்கும், படமும் அங்கேயே படுத்திருக்கும். இந்த முடிவை எடுக்க ராகம் தெரிய வேண்டாம், கதை தெரிந்தால் போதும். சினிமாவுக்கு இசையமைப்பதில் பாதி வேலை இதுதான் என்பது என் கட்சி.

தாளமும் அப்படித்தான். எங்க படவேடு ரேணுகாம்பாள் கோயிலில் ஆடி வெள்ளிக்குப் பம்பை அடிப்பவர்கள் யாரும் நோட்ஸ் பார்த்து அடிப்பதில்லை. டி.ஆரிடம் சொல்லும் மெட்டும் ஒரே வாயிலிருந்து வருவதால், அழுத்தம் விழ வேண்டிய எழுத்தில் அடி சரியாக விழுகிறது. (எதுகை மோனை சில சமயம் ஓவர்தான், ஒத்துக்கொள்கிறேன்.) இளையராஜா கொடிகட்டிப் பறந்த காலத்திலேயே 'கிளிஞ்சல்கள்' (1981), 'கூலிக்காரன்' (1987) என்று மற்ற இயக்குநர்களும் இவரைத் தேடி வந்தார்கள்.

சரி, மீதிப் பாதி? அங்கேதான் சிக்கல். 'ஒருதலை ராகம்' பின்னணி இசை ஏ.ஏ.ராஜுடையது. மெட்டை முணுமுணுக்கலாம். ஒருத்தி கதவைச் சாத்தும்போது நாலு வயலின் எவ்வளவு நேரம் எந்த ஸ்வரத்தில் நிற்க வேண்டும் என்பதை எப்படி முணுமுணுப்பது? தன்ராஜ் மாஸ்டரிடம் படித்த இளையராஜா அதைத் தாளில் எழுதியே கொடுத்துவிடுவார். கேள்வி ஞானக்காரருக்கு எழுத இன்னொருவர் வேண்டும். ஆரணிப் பட்டிலும் இதே கதைதான். புட்டா எப்படி வர வேண்டும் என்பது ஒருத்தர் மனசில் இருக்கும். அதைக் கட்டம் போட்டு வரைந்து, ஜக்கார்டு அட்டையில் ஓட்டை குத்திக் கொடுப்பவர் வேறு ஆள். அட்டை குத்தியவருடையது ஆகிவிடாது டிசைன். ஆனால் அட்டை இல்லாமல் சேலையில் புட்டாவே விழாது.

எனக்குள்ள வருத்தமெல்லாம், டைட்டிலில் 'இசை' என்று ஒரே பெயர் பெரிதாக வருவதும், அட்டை குத்தியவர் பெயர் தேடினாலும் கிடைக்காமல் போவதும்தான்.

போன செமஸ்டரில் எங்க குறும்படத்துக்கு, காதால் கேட்டே கீபோர்டு வாசிக்கும் நண்பன் உட்கார்ந்தான். பாட்டு பத்து நிமிஷத்தில் வந்துவிட்டது. பின்னணிக்கு இரண்டு நாள் திணறினான். கடைசியில் சர்ச்சில் கிடார் வாசிக்கும் ஒரு அண்ணன் வந்து கார்டு எழுதிக் கொடுத்தார். டைட்டிலில் அவர் பெயரையும் போடலாம் என்று நான் சொன்னபோது நண்பன் முகம் போன போக்கைப் பார்த்திருக்கணுமே!