ஆணையில் யார் பெயர்? எந்தத் தேதி?

பிரிக்ஃபீல்ட்ஸ் வாழையிலைக் கடைகளிலும் கிள்ளான் லிட்டில் இந்தியாவிலும் இந்தப் பேச்சு அடிக்கடி காதில் விழும்: “கோர்ட் ஆர்டர் கையில இருக்கு. அதிகாரி கேக்கலையா? அவமதிப்பு கேஸ் போடு, ஆள் உள்ளே!” கேட்க வீரமாகத்தான் இருக்கிறது. இதை நம்பி வழக்காடப் போகிறவர்தான் நடுத்தெருவில் நிற்கிறார்.

ஈப்போவின் பாலர் பள்ளி ஆசிரியை மு. இந்திரா காந்தியின் வழக்கில் இதை உரசிப் பார்ப்போம். 2009-இல் கணவர் இஸ்லாத்துக்கு மதம் மாறி, 11 மாதக் கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். 2010-இல் பராமரிப்பு உரிமை தாய்க்குக் கிடைத்தது. பிள்ளை வரவில்லை. 2014 மே மாதம் உயர் நீதிமன்றம், ஆணையை அவமதித்தார் என்று முன்னாள் கணவரைக் கைது செய்ய உத்தரவிட்டது.

கவனியுங்கள்: அவமதித்தவர் என்று தீர்ப்பானது முன்னாள் கணவர். போலீஸ் அல்ல. சிவில் நீதிமன்றம் ஒன்று சொல்கிறது, ஷரியா நீதிமன்றம் வேறொன்று சொல்கிறது என்று அன்றைய தேசிய போலீஸ் படைத் தலைவர் கைகட்டி நின்றார். அவரை அசைக்கவே இந்திரா தனி வழக்குப் போட வேண்டியிருந்தது. உயர் நீதிமன்றத்தில் வென்று, மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்று, 2016 ஏப்ரல் 29-இல் கூட்டரசு நீதிமன்றத்தில்தான் ‘கைது ஆணையை நிறைவேற்று’ என்ற உத்தரவை அவர்மீது வாங்கினார்.

பிறகு? “தேடுகிறோம்” என்றது போலீஸ். அந்த ஒற்றைச் சொல்தான் கேடயம். கடமை தவறினர் என்று போலீஸ்மீதும் அரசாங்கத்தின்மீதும் 2020-இல் 10 கோடி ரிங்கிட் கேட்டு இந்திரா தொடுத்த வழக்கைக் கோலாலம்பூர் உயர் நீதிமன்றம் 2024 ஜூனில் தள்ளுபடி செய்தது.

சரி, போலீஸ்மீதே அவமதிப்பு வழக்குப் போட்டால்? அவமதிப்பு சிறையில் முடியக்கூடிய குற்றச்சாட்டு. ஆகவே குற்ற வழக்கைப் போலவே சந்தேகத்துக்கு இடமின்றி மெய்ப்பிக்க வேண்டும். ஆணை தெளிவாக இருந்ததா, அந்த அதிகாரிக்கே பிறப்பிக்கப்பட்டதா, அவர் கையில் சேர்ந்ததா, கெடு கடந்ததா, தெரிந்தே மீறினாரா என்று ஒவ்வொன்றையும் நாம்தான் காட்ட வேண்டும். மறுத்தவரை மடக்குவது எளிது. முயன்றும் முடியவில்லை என்பவரை மடக்குவதுதான் கடினம்.

அப்படியானால் பெரிய இடத்தில் சட்டம் செல்லாதா? அதுவும் பொய். நாடு கடத்தப்பட்ட, புகலிடம் கோரிய ஒருவரைத் திருப்பிக் கொண்டுவர நீதிபதி இட்ட ஆணையை இங்கிலாந்தின் உள்துறை அமைச்சர் கென்னத் பேக்கர் மீறினார். அது அவமதிப்பே என்று 1993-இல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. மர அறுவை ஆலைகள் தொடர்பான ஆணையை மீறியதற்காக மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப் சிங் நாயக்கை 2006-இல் இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு மாதம் சிறைக்கு அனுப்பியது. இரண்டிலும் அமைச்சருக்கு ஆணை தெரியும். அதற்கு எதிராக முடிவெடுத்தவரும் அவரே. “தேடுகிறேன்” என்று சொல்லித் தப்ப அங்கே இடமில்லை.

எனவே, வீரத்தைத் தீர்ப்புக்குப் பிறகு காட்டாதீர்கள். ஆணை எழுதப்படும்போதே காட்டுங்கள். எந்தப் பதவிக்காரர், என்ன செய்ய வேண்டும், எந்தத் தேதிக்குள் என்பதை வழக்கறிஞரிடம் வற்புறுத்திக் கேளுங்கள். மீறினால் சிறை என்ற எச்சரிக்கையோடு ஆணையின் நகலை நேரில் சேர்ப்பியுங்கள். “தேடினோம்” என்பவர், யார், எங்கே, எப்போது தேடினார் என்று சத்தியப் பிரமாணத்தில் எழுதித் தரட்டும். தேடாதவருக்கு அந்தத் தாளை நிரப்புவதுதான் முதல் தண்டனை.