மாதாமாதம் போகும் பணம் யாருக்கு?

பாஸ் புத்தகத்தைப் பாங்கில் கொடுத்துப் பதிவு செய்து வாங்குகிறோம். கடைசி வரியில் உள்ள இருப்புத் தொகையை மட்டும் பார்த்துவிட்டு மடித்துப் பையில் வைத்துக்கொள்கிறோம். நடுவில் உள்ள வரிகளைப் படிக்கும் வழக்கம் நம்மவர்களில் பலருக்கு இல்லை. இதனால் இன்று பலருடைய பணம் சத்தமில்லாமல் மாதாமாதம் போய்க்கொண்டிருக்கிறது. மின்சார வண்டி வைத்திருப்பவர்கள் இதில் விசேஷமாக ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். ஆகவே இது பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

நெய்யாற்றின்கரை தாலுகாவுக்கு மின்சார வண்டி புதிதல்ல. ஆறாலுமூட்டில் உள்ள கேரள அரசு நிறுவனமான கேரளா ஆட்டோமொபைல்ஸ், 2019-ல் 'நீம் ஜி' என்ற மின்சார ஆட்டோவை அறிமுகப்படுத்தியது. கேரள மின்சார வாரியம் 2021-ல் கோழிக்கோட்டில் மின்கம்பங்களிலேயே சார்ஜ் பெட்டிகளைப் பொருத்திப் பார்த்து, பிறகு அதை மாநிலமெங்கும் விரிவுபடுத்தியது. தனியார் சார்ஜ் நிலையங்களும் பெருகிவிட்டன. செங்கல், உதியன்குளங்கரை, பாறசாலை என்று களியக்காவிளை எல்லை வரைக்கும் நம்மவர்களில் ஆட்டோ ஓட்டுகிறவர்களும், ஸ்கூட்டரில் சாமான் கொண்டு கொடுக்கிறவர்களும், திருவனந்தபுரத்துக்கு வேலைக்குப் போய் வருகிறவர்களும் இத்தகைய வண்டிகளை வாங்கி வருகிறார்கள். பெட்ரோல் செலவு மிச்சமாகிறது. அது நல்ல காரியமே. சிக்கல் வண்டியில் இல்லை. பணம் கட்டும் முறையில் இருக்கிறது.

பெட்ரோல் பங்கில் 100 ரூபாய் நீட்டினால் 100 ரூபாய்க்குப் பெட்ரோல் விழும். அத்தோடு கணக்கு முடிந்தது. சார்ஜ் நிலையத்தில் பெரும்பாலும் அப்படி இல்லை. செல்போனில் அந்த நிறுவனத்தின் செயலியை இறக்க வேண்டும். அதில் முன்பணம் போட்டு வைக்க வேண்டும். அதோடு சில நிறுவனங்கள், "மாதச் சந்தா கட்டினால் யூனிட்டுக்கு விலை குறைவு" என்று ஒரு திட்டத்தையும் நீட்டுகின்றன. முதல் மாதம் இலவசம் என்றும், ஒரு ரூபாய் மட்டும் என்றும் ஆசை காட்டுவதும் உண்டு. கேழ்வரகில் நெய் வடிகிறது என்றால் கேட்பவருக்குப் புத்தி வேண்டாமா என்று நம் பெரியவர்கள் சொன்னது இதற்கும் பொருந்தும். அந்த ஒரு ரூபாய்க்காக நாம் ரகசிய எண்ணை அழுத்தும்போது, மாதாமாதம் நம் கணக்கிலிருந்து எடுத்துக்கொள்ளும் அதிகாரத்தையும் எழுதிக் கொடுத்து விடுகிறோம்.

ஒருவர் 199 ரூபாய்ச் சந்தாவில் சேர்ந்தார் என்று வைத்துக்கொள்வோம். 18 சதவீத ஜி.எஸ்.டி. தனியாகச் சேர்ந்தால் அவர் கணக்கில் பற்று விழும் தொகை ரூ. 234.82. அவர் 199 என்று தேடுவார். அந்தத் தொகை ஸ்டேட்மெண்டில் இருக்காது. 99 ரூபாய்த் திட்டமானால் ரூ. 116.82 என்று இருக்கும். பைசாவோடு விநோதமான ஒரு தொகை மாதாமாதம் அதே அளவில் போனால், அதை 1.18-ஆல் வகுத்துப் பாருங்கள். 99, 149, 199 போன்ற ஒரு எண் வந்தால் அது ஏதோ ஒரு சந்தாவாக இருக்கக்கூடும். மாதம் ரூ. 234.82 என்றால் வருஷத்துக்கு ரூ. 2,817.84. கூலி வேலை செய்பவருக்கு இது சில நாள் சம்பளம்.

பெயரிலும் குழப்பம் உண்டு. செயலிக்கு ஒரு பெயர் இருக்கும். அதை நடத்தும் கம்பெனிக்கு வேறு பெயர் இருக்கும். பணத்தை வசூலித்துக் கொடுக்கும் இடைநிலை நிறுவனத்தின் பெயர் மட்டும் ஸ்டேட்மெண்டில் விழுவதும் உண்டு. 'ஏ.சி.எச்.', 'எஸ்.ஐ.', 'மேண்டேட்' என்று சுருக்கெழுத்துகள் இருந்தால், நாம் முன்கூட்டியே கொடுத்த ஒரு நிலையான உத்தரவின்படி பணம் போயிருக்கிறது என்று பொருள்.

எல்லாப் பற்றும் அநியாயம் என்று அவசரப்பட்டு முடிவு செய்யவும் கூடாது. சார்ஜ் செயலியில் முன்பணம் குறைந்தவுடன் தானாக நிரப்பும் ஏற்பாடு இருக்கலாம். சார்ஜ் முடிந்த பிறகும் வண்டியை எடுக்காமல் நிறுத்தியதற்கான கட்டணமாக இருக்கலாம். பாட்டரி வாடகையாக இருக்கலாம். வண்டிக் கடனின் மாதத் தவணையாகவும் இருக்கலாம். கடைசியில் சொன்ன இரண்டையும் தெரியாமல் ரத்து செய்தால் தவணை தவறி, அபராதமும் கெட்ட பெயரும் வந்து சேரும். எது எதற்காகப் போகிறது என்று நிச்சயமாகத் தெரிந்துகொண்ட பிறகே கை வைக்க வேண்டும்.

இனி ரத்து செய்யும் விஷயம். செல்போனிலிருந்து செயலியை அழித்துவிட்டால் சந்தா நின்றுவிடும் என்று பலர் எண்ணுகிறார்கள். அது நிற்காது. வண்டியையே விற்றுவிட்டாலும் நிற்காது. நாம் கொடுத்த உத்தரவு பாங்கில் உயிரோடு இருக்கும் வரை பணம் போய்க்கொண்டேதான் இருக்கும். ஆகவே இரண்டு இடத்திலும் கதவை அடைக்க வேண்டும். முதலில் அந்த நிறுவனத்தின் செயலியில் சந்தாப் பகுதிக்குச் சென்று ரத்து செய்து, அதற்கான செய்தியைப் படம் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும். மீதமுள்ள முன்பணத்தையும் திருப்பிக் கேட்க வேண்டும். பிறகு பாங்கின் பக்கம் வர வேண்டும். யு.பி.ஐ. மூலம் போகும் பணமானால், நாம் உபயோகிக்கும் யு.பி.ஐ. செயலியில் 'ஆட்டோ பே' அல்லது 'மேண்டேட்' என்ற பகுதியில், நடப்பில் உள்ள உத்தரவுகள் வரிசையாக இருக்கும். வேண்டாததை நாமே ரகசிய எண் இட்டு ரத்து செய்யலாம். கார்டு மூலமானால் பாங்கின் இணையச் சேவையிலோ கிளையிலோ சொல்ல வேண்டும். கணக்கிலிருந்து நேரடியாக எடுக்கும் ஏ.சி.எச். முறையானால், கிளைக்குக் கடிதம் எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கி வைத்துக்கொள்வது உத்தமம். அடுத்த மாத ஸ்டேட்மெண்டைப் பார்த்த பிறகே விஷயம் முடிந்தது என்று கொள்ள வேண்டும்.

கணக்கில் பணம் வைக்காமல் விட்டால் தானே நின்று போகும் என்று நினைப்பதும் ஆபத்து. ஏ.சி.எச். உத்தரவு பணமில்லாமல் திரும்பினால் அதற்கென்று பாங்குகள் தனிக் கட்டணம் வசூலிப்பது உண்டு. பனையிலிருந்து விழுந்தவனை மாடு மிதித்த கதையாகிவிடும்.

சட்டம் நம் பக்கம் இல்லாமல் இல்லை. கார்டு, வாலட், யு.பி.ஐ. மூலம் மாதாமாதம் போகும் தொகைகளுக்கு ரிசர்வ் பாங்கு 2019-ல் விதி வகுக்கத் தொடங்கி, 2021 அக்டோபர் 1 முதல் அதைக் கண்டிப்பாக நடைமுறைக்குக் கொண்டுவந்தது. உத்தரவைப் பதியும்போது வாடிக்கையாளரின் கூடுதல் ஒப்புதல் வேண்டும். பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பு செய்தி அனுப்ப வேண்டும். வேண்டாம் என்றால் விலகிக்கொள்ள வழி தர வேண்டும். இந்த வசதிக்காக வாடிக்கையாளரிடம் கட்டணம் கேட்கக் கூடாது. விதி நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்த 24 மணி நேரச் செய்தி யாருக்குப் போகிறது?

இதில்தான் வெளியூரில் பிழைக்க வந்த நம்மவர்களின் கஷ்டம் இருக்கிறது. கணக்கு நாகர்கோவிலிலோ, மார்த்தாண்டத்திலோ, திருநெல்வேலியிலோ இருக்கும். அதில் பதிந்த செல்போன் எண் எப்போதோ கைவிட்ட பழைய எண்ணாக இருக்கும். கேரளத்துக்கு வந்து புது எண் வாங்கியவர் அதைப் பாங்கில் மாற்றியிருக்க மாட்டார். செய்தி போக வேண்டிய முறையில் போகும். படிக்க வேண்டியவர் மட்டும் படிக்க மாட்டார். சம்பளம் வாங்கும் கணக்கில் இன்றைய எண்ணைப் பதிய வைப்பதே இந்த விஷயத்தில் முதல் வேலை.

செய்தி வந்தாலும் ஆங்கிலத்தில் வருகிறது. 1956 நவம்பர் 1-ம் தேதி மாநில எல்லை வகுக்கப்பட்டபோது விளவங்கோடு தமிழர் பக்கமும் நெய்யாற்றின்கரை கேரளத்தின் பக்கமும் சேர்ந்தன. எல்லை இரண்டு பக்கமானாலும், இங்குள்ள பல வீடுகளில் பேச்சு தமிழாகவே இருக்கிறது. குறைகளைத் தீர்க்கக் கோரும் மனுவை, மத்திய, மாநில அரசுகளின் எந்த அதிகாரிக்கும் அங்கே வழங்கும் எந்த மொழியிலும் கொடுக்கலாம் என்று அரசியல் சட்டத்தின் 350-வது பிரிவு சொல்கிறது. அரசு அதிகாரிக்கே அது விதியானால், நம் பணத்தை வைத்து நடக்கும் பாங்குகளும் அந்த நியாயத்தை மதிக்க வேண்டாமா? கணக்குத் தொடங்கும்போது வாடிக்கையாளரின் மொழியைக் கேட்டுக் குறித்துக்கொண்டு, பணம் எடுக்கும் செய்தியை அந்த மொழியில் அனுப்புவது இன்றைய கம்ப்யூட்டர் காலத்தில் பெரிய காரியமல்ல.

நிறுவனங்களும் திருந்த வேண்டும். சேர்வதற்கு ஒரே அழுத்து. விலகுவதற்கு ஏழு பக்கம் தேட வேண்டும் என்றால் அது வியாபாரமாகாது. இதைச் 'சந்தாப் பொறி' என்றே சொல்லலாம். மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பரில் வெளியிட்ட வழிகாட்டு விதிகள் தடை செய்த 13 தந்திரங்களில் இதுவும் ஒன்று. ஜெர்மனியில் 2022 ஜூலை முதல், இணையத்தில் சந்தா சேர்க்கும் நிறுவனம் ரத்து செய்யும் பொத்தானையும் கண்ணுக்குத் தெரியும்படி வைக்க வேண்டும் என்பது சட்டம். அமெரிக்காவில் 2024-ல் இத்தகைய விதி ஒன்று வந்தது. 2025 ஜூலையில் நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. பணக்கார நாடுகளிலேயே இது வழக்காடும் விஷயமாக இருக்கும்போது, நம் நாட்டில் விதியை எழுதியதோடு நின்றுவிடாமல் அதை அமல் செய்யவும் வேண்டும். ரத்து செய்யும் வழி, சேரும் வழியைப் போலவே எளிதாக இருக்கட்டும். பணம் வாங்குபவரின் உண்மையான பெயரும், எதற்காக என்பதும் ஸ்டேட்மெண்டில் முழுதாக இருக்கட்டும். இந்த இரண்டையும் கேட்பது அதிகப்படியான ஆசையல்ல.

புகார் செய்யும் வழியையும் குறித்து வைத்துக்கொள்வது நல்லது. நாம் சம்மதமே கொடுக்காமல் பணம் போயிருந்தால் அன்றே பாங்குக்குத் தெரிவிக்க வேண்டும். பாங்கின் தவறோ நம் தவறோ இல்லாமல் வேறு இடத்தில் நடந்த மோசடியானால், தகவல் கிடைத்து மூன்று வேலை நாட்களுக்குள் சொன்னவருக்கு நஷ்டம் சேரக் கூடாது என்று ரிசர்வ் பாங்கு 2017 ஜூலையில் விதி செய்தது. தாமதிக்கத் தாமதிக்க நம் பங்கு நஷ்டம் கூடும். நாமே சம்மதித்துவிட்டு மறந்து போன சந்தாவுக்கு இந்த விதி உதவாது. அதற்கு நிறுவனத்திடமும், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-லும் முறையிடலாம். பாங்கு 30 நாளில் பதில் தராவிட்டாலோ, தந்த பதில் திருப்தியில்லை என்றாலோ ரிசர்வ் பாங்கின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். அதற்கான விவரம் 14448 என்ற எண்ணில் கிடைக்கும், தமிழிலும் பேசலாம். பண மோசடியானால் உடனே 1930.

இன்னொரு எச்சரிக்கை. சந்தாவை ரத்து செய்ய வேண்டும் என்று இணையத்தில் தேடிக் கிடைத்த ஏதோ ஒரு எண்ணுக்குப் போன் செய்யாதீர்கள். உதவி செய்பவர்கள் போல் பேசி ஓ.டி.பி. கேட்பவர்கள் அங்கே காத்திருக்கிறார்கள். நமக்கு வர வேண்டிய பணத்தைப் பெற ரகசிய எண்ணோ ஓ.டி.பி.யோ தேவையில்லை. கேட்பவன் திருடன் என்று முடிவு செய்து போனை வைத்துவிடலாம்.

நம்மில் ஆபீசுகளிலும் கடைகளிலும் கணக்கு எழுதும் குமாஸ்தாக்கள் இருக்கிறார்கள். ஆங்கிலம் படிக்கத் தெரிந்த பிள்ளைகள் இருக்கிறார்கள். அவர்கள் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஒரு மணி நேரம் ஒதுக்கி, பக்கத்தில் உள்ள ஆட்டோத் தொழிலாளி, கட்டிட வேலை செய்பவர் ஆகியோரின் ஸ்டேட்மெண்டை வரிவரியாகப் படித்துச் சொன்னால் அது பெரிய உபகாரம். படித்தவரிடம் கேட்க வெட்கப்பட வேண்டியதில்லை. 116 ரூபாய்தானே, போனால் போகிறது என்று விடவும் வேண்டாம். வெயிலிலும் மழையிலும் உழைத்துச் சேர்த்த பணம் அது. யாருக்குப் போகிறது, எதற்குப் போகிறது என்று கேட்பது உழைத்தவரின் உரிமை. பதில் சரியாக வரும் வரை கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.