ஆற்றுப்படுகையின் கோப்பு யாரிடம்?

திருச்சியில் திருவானைக்காவலையும் நம்பர் ஒன் டோல்கேட்டையும் இணைத்து 1928-இல் கொள்ளிடத்தின் மேல் எழுந்த பழைய இரும்புப் பாலம் இன்று இல்லை. 2016-இல் பக்கத்திலேயே புதிய பாலம் திறக்கப்பட்டதும் பழையதில் வண்டிகள் போவது நின்றது; காலை நடைக்கு வருபவர்கள் மட்டும் அதன் மேல் உலவினார்கள். 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் 18-ஆம் தூணில் விரிசல் தெரிந்தது. அடுத்த சில நாள்களில் தூண்கள் சரிந்தன, அவை தாங்கிய இரும்புச் சட்டகங்கள் ஆற்றில் விழுந்தன. மிச்சமிருந்ததை அரசு பிறகு இடித்து அகற்றியது.

தொண்ணூறு வயது, பழசாகிவிட்டது, விழுந்தது என்பது ஊர்ப் பேச்சு. ஊர் அப்படிப் பேசலாம். பாலம் கட்டுவதையும் பராமரிப்பதையும் தொழிலாகக் கொண்ட நாமும் அதையே திருப்பிச் சொல்வதுதான் உறுத்துகிறது. 792 மீட்டர் நீளமும் 12.5 மீட்டர் அகலமும் கொண்ட அந்தப் பாலத்தில் துரு இருந்தது உண்மை. ஆனால் முதலில் போனது இரும்பு இல்லை, தூண். அப்போது பாலத்தின் மேல் சுமை என்று சொல்லும்படி எதுவும் இல்லை. பேருந்தும் லாரியும் போய் இரண்டாண்டுகள் ஆகியிருந்தன. எனவே காரணத்தை நீர்மட்டத்துக்குக் கீழேதான் தேட வேண்டும்.

பாலம் எப்போது வந்தது என்பதைக் கவனியுங்கள். 1924 ஜூலையில் காவிரியில் வந்தது இன்றளவும் நாம் அளவுகோலாக வைத்திருக்கும் வெள்ளம். மேட்டூர் அணையின் உபரிநீர்ப் போக்கியே அந்த வெள்ளத்தின் 4.56 லட்சம் கன அடியைக் கணக்கில் வைத்துத்தான் அமைக்கப்பட்டது. அதற்கு நான்கே ஆண்டுகள் கழித்துக் கொள்ளிடத்தில் பாலம் முடித்தவர்கள் அந்தத் தண்ணீரை மறந்துவிட்டுத் தூண் இறக்கியிருக்க முடியாது. 2018-இல் மேட்டூரிலிருந்து வந்ததோ ஏறத்தாழ இரண்டு லட்சம் கன அடி. இடையில் சேரும் பவானி, அமராவதி நீரைக் கூட்டி, முக்கொம்பில் காவிரிக்குப் பிரியும் பங்கைக் கழித்தாலும், பாலம் கண்ட பெரிய வெள்ளம் இது என்று சொல்ல முடியாது. 2005 வெள்ளத்தில் நின்ற தூண் 2018-இல் சாய்ந்திருக்கிறது. தண்ணீர் கூடவில்லை என்றால் மாறியது எது?

படுகை. கொள்ளிடம் காவிரியைவிடத் தாழ்வான, நேரான வெள்ளப் போக்கி. தண்ணீரெல்லாம் அந்தப் பக்கமே இறங்கித் தஞ்சைக் காவிரி வறண்டதால்தான் ஆர்தர் காட்டன் 1836 முதல் 1838 வரை முக்கொம்பில் மேலணையைக் கட்டினார். அதன் பிறகும் வெள்ள காலத்தில் வரும் மிகைநீரும் அதோடு மணலும் கொள்ளிடத்துக்கே வந்தன. வெள்ளம் அரித்த பள்ளத்தை வடியும் நீர் கொண்டுவந்த மணலே மூடிவிடும். 1928-இன் பொறியாளருக்குத் தெரிந்த ஆறு இப்படித் தன் கணக்கைத் தானே நேர்செய்துகொண்ட ஆறு. பாலம் திறந்து ஆறாண்டுகளில், 1934-இல், மேட்டூர் அணை முடிந்தது. அணைக்கு மேலே வரும் மணல் அங்கேயே தங்கியது. 1950-களில் பவானியிலும் அமராவதியிலும் அணைகள் வந்து அந்த வரவையும் நிறுத்தின. பிற்பாடு குவாரிகளும் பொக்லைன்களும் வந்தன. வரவு நின்றுபோன கணக்கிலிருந்து எடுத்துக்கொண்டே இருந்தோம். குவாரிப் பள்ளம் தோண்டிய இடத்திலேயே நிற்பதும் இல்லை. வெள்ளம் வரும்போது அதன் மேல்விளிம்பு இடிந்து இடிந்து ஆற்றை எதிர்த்து ஏறும். பாலத்திலிருந்து இத்தனை மீட்டர் தள்ளித்தான் அள்ளுகிறார்கள் என்ற சமாதானம் அதனால்தான் செல்லாது.

வண்டல் படுகையின் சமநிலை பற்றிய லேசியின் ஆய்வுக் கட்டுரை வந்தது 1930-இல், இந்தப் பாலத்துக்கு இரண்டாண்டு பிந்தி. இன்று ஐஆர்சி 78 விதித்தொகுப்பின்படி நாம் போடும் அரிப்பு ஆழக் கணக்கின் வேர் அதுதான்: 1.34 என்ற கெழுவைக் கொண்டு சராசரி ஆழம், தூணுக்கு அதன் இரு மடங்கு, எல்லாம் உச்ச வெள்ள மட்டத்திலிருந்து கீழே. வண்டலும் நீரும் சமநிலை கண்ட ஆற்றுக்கு நல்ல சூத்திரம். மணல் வரவு அறுந்து, படுகையே ஆண்டுக்கு ஆண்டு இறங்கும் ஆற்றில் அது எதைச் சொல்கிறது? பல மதிப்பீடுகளில் படுகை மட்டம் என்று எழுதியிருப்பது முந்தைய மதிப்பீட்டிலிருந்து எடுத்தெழுதிய எண். இதை நான் சொல்லித்தான் வாசகர்களுக்குத் தெரிய வேண்டும் என்பதில்லை.

நெடுஞ்சாலைத் துறைப் பொறியாளர் பாலத்தின் மேல் நின்று தளம், பேரிங், கைப்பிடிச்சுவர் பார்த்துப் படிவம் நிரப்புகிறார். நீர்வளத் துறையிடம் வெள்ள அளவு இருக்கிறது. குவாரிக்கு உரிமம் தரும் கோப்பு கனிமவளத் துறையில் கிடக்கிறது. 18-ஆம் தூணின் அடியில் மணல் எத்தனை அடி இறங்கியது என்ற கேள்விக்கு இந்த மூன்றில் எந்தக் கோப்பிலும் இடம் இல்லை. பாலம் சரிந்த சில நாள்களிலேயே, ஆகஸ்ட் 22 இரவு, முக்கொம்பு மேலணையின் ஒன்பது மதகுகள் போயின. இரண்டும் ஒரே ஆறு, ஒரே வாரம். நாமோ இரண்டையும் தனித்தனி விபத்தாகவே எழுதி வைத்திருக்கிறோம். 2024 ஆகஸ்டில் புதிய பாலத்தை ஒட்டிப் படுகைக்காகக் கட்டிய தடுப்புச்சுவரில் ஒரு பகுதி அடித்துச் செல்லப்பட்டது. ஆற்றுக்குள் நின்ற உயர்மின் கோபுரமும் சாய்ந்தது.

புதிய பாலத்தின் அடித்தளம் ஆழமானதுதான் என்று சொல்வார்கள். ஆழமாகவே இருக்கட்டும். எத்தனை ஆழம் மணலுக்குள் இருக்கிறது என்பதுதான் கேள்வி, அந்த எண் ஒவ்வொரு வெள்ளத்துக்குப் பின்னும் மாறுகிறது. கருவிகள் வாங்க நிதி வரட்டும் என்று காத்திருக்கத் தேவையில்லை. மேட்டூர் வழக்கமாக ஜூன் 12-இல் திறக்கிறது. அதற்கு முன் கோடையில் கொள்ளிடம் பெரும்பாலும் வெறும் மணல். ஒரு லெவல் கருவி, ஒரு ஸ்டாஃப், இரண்டு ஆட்கள், ஒரு பகல். ஒவ்வொரு தூணிலும் கட்டிய காலத்துப் படுகை மட்டத்தைப் பெயின்டில் கோடிட்டு, இன்றைய மட்டத்தை அதன் கீழே தேதியுடன் எழுதுங்கள். அந்தப் பட்டியலின் நகல் ஒன்று நீர்வளத் துறைக்கும், ஒன்று குவாரி உரிமம் வழங்கும் மேசைக்கும் போகட்டும்.