ஏர் பிடித்தவன் விவசாயி இல்லை

சித்திரை பிறந்தால் போதும். பொன் ஏர் பூட்டுறோம், மரபை மீட்கிறோம் என்று கிளம்பிவிடுகிறார்கள். மாட்டுக்கொம்புக்கு வர்ணம், நுகத்தடிக்கு மஞ்சள், கலப்பைக்குச் சந்தனம். பட்டுச்சட்டையில் நிற்கிறவர் பெயர் விவசாயி. சரி, அந்தக் கலப்பையை வருஷம் பூரா பிடிச்சவன் பெயர் என்ன?

எங்க தாத்தாவைச் சொல்கிறேன். திண்டுக்கல்லுக்குக் கிழக்கே மானாவாரிக் காட்டில் நாப்பது வருஷம் பண்ணையாள். பொன் ஏர் அன்னைக்கு முதல் சாலை மட்டும் ஆண்டை கைவைத்துத் தொடங்குவாராம். மீதி அத்தனை சாலும் தாத்தா. மாட்டைப் பூட்டுற வார், கமலைக் கூனையில் தைக்கிற தோல் தும்பி, எல்லாம் எங்க சனம் செஞ்சு கொடுத்தது. மாடு செத்தால் தூக்கிப்போகவும் நாங்கதான். பூசை போட்ட மாடு தொழுவத்துக்குள்ளே போகும். பூட்டினவன் வாசலுக்கு வெளியே நின்று கையேந்திக் கூழ் வாங்குவான். (ஒரு கண்காட்சியில் தும்பித்தோலைப் பார்த்தேன். 'பாரம்பரியக் கருவி' என்று சீட்டு ஒட்டியிருந்தது. தைத்தவன் யாரென்று ஒரு வரி இல்லை.)

நான் வங்கி எழுத்தன். பயிர்க்கடன் கேட்டு வருகிறவரிடம் சிட்டா, அடங்கல் கேட்பது என் வேலை. காய்ப்பேறிய கை அங்கே அத்தாட்சி ஆகாது. 2019இல் வந்த பி.எம். கிசான் வருஷத்துக்கு 6000 ரூபாய், அதுவும் நிலம் வைத்திருக்கிற குடும்பத்துக்குத்தான். 2011 மக்கள்தொகைக் கணக்கில் தமிழ்நாட்டில் பயிரிடுவோர் 42 லட்சம், விவசாயக் கூலிகள் 96 லட்சம். அந்த 96 லட்சத்தில் பிற சாதி ஏழைகளும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் சேரியில் கூலியல்லாத வீட்டைத் தேடித்தான் பார்க்க வேண்டும்.

நிலமே கொடுக்கலையா? கொடுத்தார்கள். செங்கல்பட்டு கலெக்டர் திரமென்ஹீர் எழுதிய அறிக்கையைத் தொடர்ந்து 1892இல் பஞ்சமி நிலத்துக்கு ஆணை வந்தது. மற்ற சாதியாருக்கு விற்கக்கூடாது என்று நிபந்தனையும் போட்டார்கள். எங்கே போச்சு? காரணை நிலத்தைக் கேட்டுப் போராடியபோது 1994இல் ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இரண்டு தோழர்களைப் போலீஸ் சுட்டுக் கொன்றது. 2017இல் காளைக்காக மெரினாவில் ராத்திரி பகலாகக் கிடந்தார்கள். நம் பிள்ளைகளும் நின்றார்கள். பஞ்சமி நிலத்துக்காக ஒரு ராத்திரி அந்த மணலில் யார் படுத்தார்கள்?

இப்போது உழுவது டிராக்டர். வேலை போன பிறகு மாட்டைக் கும்பிடுவது சுலபம்.

பொன் ஏருக்குப் பறையடிக்க நம் தெருப் பையன்களைத்தான் கூப்பிடுகிறார்கள். தோழர்களே, கூப்பிடுகிறவர்களிடம் அந்த ஊர்ப் பஞ்சமி நிலத்தின் சர்வே எண்ணைக் கேளுங்கள். தெரியாது என்பார்கள். கிராம நிர்வாக அலுவலரிடம் 'அ' பதிவேடு இருக்கிறது.