வெட்டியெடுத்த ஒரு வரி



தேர்தல் வந்தால் தோட்டத்து வாசலில் கொடிகள் ஏறும். லயத்துச் சுவர்களில் படங்கள் ஒட்டப்படும். கோயில் திடலில் கூட்டம் நடக்கும். மேடையில் பேசுகிறவரை நாம் பார்க்கிறோம். அந்தப் பேச்சை எழுதிக் கொடுத்தவர் யார், சுவரொட்டியில் எந்தச் சொல் பெரிதாக வரவேண்டும் என்று முடிவு செய்தவர் யார் என்று நாம் கேட்பதில்லை. திரைக்குப் பின்னால் இருந்து சொல் தொடுத்துக் கொடுப்பதையே தொழிலாக்கி, அமெரிக்காவில் அதற்கென முதன்முதலாக ஒரு நிறுவனம் கண்ட இருவரைப் பற்றி இம்முறை எழுதுகிறேன். கலிபோர்னியா மாநிலத்தின் கிளெம் விட்டேக்கர், லியோன் பாக்ஸ்டர் என்பவர்களே அந்த இருவர். தூர தேசத்துக் கதைதான். ஆனால் நோயில் விழுந்த ஏழைத் தொழிலாளிக்குக் கிடைக்கவிருந்த ஓர் உதவி கைநழுவிப் போனதில் அவர்களுக்குப் பெரும் பங்கு உண்டு. அதனால் அது நம் கதையும் ஆகிறது.

விட்டேக்கர் 13 வயதிலேயே பத்திரிகைச் செய்தியாளராக வேலைக்குப் போனவர். வளர்ந்தபின் சிற்றூர்ப் பத்திரிகைகளுக்குச் செய்தி அனுப்பும் அலுவலகம் ஒன்றை நடத்தினார். பாக்ஸ்டர் இளம் வயதிலேயே கணவரை இழந்தவர். சிறு நகரம் ஒன்றின் வர்த்தக சங்கத்தில் பணியாற்றினார். 1933-ல் இருவரையும் ஒரு பொதுவேலை சேர்த்து வைத்தது. கலிபோர்னியாவின் நடுப் பள்ளத்தாக்கில் அணையும் கால்வாயும் கட்டி வயல்களுக்கு நீர் கொண்டுவர மாநில அரசு திட்டமிட்டது. பெரிய மின்சாரக் கம்பெனி ஒன்று அதை எதிர்க்க, விஷயம் மக்கள் வாக்கெடுப்புக்கு வந்தது. திட்டத்தின் பக்கம் நின்று இவர்கள் வேலை செய்தார்கள். கையில் இருந்த பணம் 39,000 டாலர்தான். ஆனாலும் வென்றார்கள். தோற்ற கம்பெனி கோபித்துக்கொள்ளவில்லை. சம்பளம் பேசி அவர்களையே தன் பக்கம் அமர்த்திக்கொண்டது!

அந்த ஆண்டே ‘கேம்பெயின்ஸ் இன்கார்ப்பரேட்டட்’ என்ற நிறுவனம் பிறந்தது. அதுவரை ஓட்டுச் சேர்க்கும் வேலையைக் கட்சிக் கங்காணிகள் பார்த்து வந்தார்கள். இனிமேல் கூலி கொடுத்தால் அந்த வேலையைச் செய்து தர ஒரு கடை திறந்தாயிற்று. இருவரும் 1938-ல் திருமணம் செய்துகொண்டார்கள். தினமும் இரண்டு மணி நேரம் காலை உணவு மேசையிலேயே உட்கார்ந்து அன்றைய வேலைக்குத் திட்டம் போடுவார்களாம்.

அவர்களுடைய திறமை முதலில் பெரிதாக வெளிப்பட்டது 1934-ல். அப்டன் சிங்கிளேர் என்ற எழுத்தாளர் கலிபோர்னியாவின் கவர்னர் பதவிக்குப் போட்டியிட்டார். (அங்கே கவர்னர் என்பவர் நம் மந்திரி பெசார்போல மாநிலத்தை ஆளுகிறவர்; மக்களே நேராக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பார்கள்.) இந்தச் சிங்கிளேர்தான் 1906-ல் ‘தி ஜங்கிள்’ என்ற நாவலை எழுதி, சிக்காகோ இறைச்சி ஆலைத் தொழிலாளர்கள் படும் துன்பத்தை உலகுக்குக் காட்டியவர். வேலையில்லாமல் இலட்சக்கணக்கானோர் தவித்த காலம் அது. மூடிக் கிடந்த ஆலைகளிலும் தரிசாகக் கிடந்த நிலங்களிலும் அவர்களையே உழைக்க வைத்து வறுமையை ஒழிப்பேன் என்றார் சிங்கிளேர். கூட்டம் திரண்டது. முதலாளிகள் கலங்கினார்கள்.

எதிர்க் கட்சியின் துணைக் கவர்னர் வேட்பாளருக்காக விட்டேக்கரும் பாக்ஸ்டரும் அமர்த்தப்பட்டார்கள். அவர்கள் செய்தது என்ன தெரியுமா? சிங்கிளேர் எழுதியவற்றை எல்லாம் குவித்து வைத்துக்கொண்டு, மூன்று நாள் கதவடைத்து உட்கார்ந்து படித்தார்கள். கோபத்தைக் கிளப்பக்கூடிய வரிகளை வெட்டியெடுத்தார்கள். சிங்கிளேரின் ஒரு நாவலில் ஒரு பாத்திரம் திருமணத்தின் புனிதத்தில் தனக்கு இப்போது நம்பிக்கையில்லை என்று சொல்கிறது. அந்த வரி பத்திரிகையில் வந்தபோது பாத்திரத்தின் பெயர் இல்லை. சிங்கிளேரின் பெயர் இருந்தது. இப்படிப்பட்ட வரிகள் கட்டம் கட்டி, ‘லாஸ் ஏஞ்சலிஸ் டைம்ஸ்’ முதல் பக்கத்தில் ஆறு வாரம் நாள்தோறும் வெளிவந்தன. தேவாலயத்துக்குப் போகும் குடும்பத்துப் பெண்கள் அதைப் படித்தால் அவருக்கு ஓட்டுப் போடுவார்களா? சிங்கிளேர் 250,000 வாக்குகளுக்கும் மேலான வித்தியாசத்தில் தோற்றார். எதிர்த்தவர்கள் வேறு பலரும் இருந்தார்கள். ஆயினும் வெட்டியெடுத்த அந்த வரிகள் ஆழமாகத் தைத்தன.

இதை நன்றாகக் கவனியுங்கள். அந்த வரி பொய்யல்ல. புத்தகத்தில் இருந்ததுதான். இடத்தை விட்டுப் பெயர்த்ததால் உண்மையே பொய்யாக வேலை செய்தது. கதையில் இராவணன் பேசியதைக் காட்டிக் கம்பரைக் குற்றம் சொன்னால் எப்படியோ, அப்படி! அந்த மேற்கோள்கள் பொருத்தமற்றவை என்று பின்னாளில் பாக்ஸ்டரே ஒப்புக்கொண்டார்.

அவர்களுடைய தொழில் முறை எளிமையானது. எப்போதும் தாக்கு, தற்காத்துப் பேசாதே. விளக்கம் சொல்லத் தொடங்கினால் தோல்விதான். எதிரி இல்லையென்றால் ஒரு பூச்சாண்டியை உண்டாக்கு. சொல்வதைச் சுருக்கமாகச் சொல். அதையே திரும்பத் திரும்பச் சொல். அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்பதை நம் பாட்டிமார் மட்டுமல்ல, அவர்களும் அறிந்திருந்தார்கள். எழுதத் தாள் நிரப்ப வழியில்லாத 300 சிற்றூர்ப் பத்திரிகைகளுக்குக் கட்டுரையும் கேலிச்சித்திரமும் இலவசமாக அனுப்பினார்கள். அவை அப்படியே அச்சாகும். அதே பத்திரிகைகளுக்கு விளம்பரப் பணமும் இவர்கள் கையிலிருந்தே போகும். பிறகு எந்த ஆசிரியர் எதிர்த்து எழுதுவார்?

இனி நோயாளியின் கதைக்கு வருவோம். நம் நாட்டில் அரசாங்க கிளினிக்கில் ஒரு வெள்ளி கட்டி வைத்தியம் பார்த்து, மருந்தும் வாங்கி வருகிறோம். அமெரிக்காவில் அப்படி இல்லை. 1944-ல் கலிபோர்னியாவின் கவர்னர் ஏர்ல் வாரன் சிறுநீரக நோயால் மருத்துவமனையில் படுத்தார். தன்னைப்போல் வசதியில்லாத குடும்பம் இந்தச் செலவை எப்படித் தாங்கும் என்று எண்ணினார். 1945-ல் எல்லாத் தொழிலாளர்களுக்கும் மருத்துவக் காப்புறுதித் திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தார். சம்பளத்திலிருந்து தொழிலாளியும் முதலாளியும் சிறு தொகை கட்டினால் போதும்.

மருத்துவர் சங்கம் இதை எதிர்த்தது. விட்டேக்கர், பாக்ஸ்டரை அமர்த்தியது. 1942-ல் இதே வாரனுக்காகத் தேர்தல் வேலை பார்த்தவர்கள்தான் இவர்கள்! போர்க்காலம் ஆகையால், இது ஜெர்மனியில் பிறந்த திட்டம் என்று கிளப்பிவிட்டார்கள். திட்டம் சட்டமன்றத்தில் ஒரே வாக்கில் தோற்றது.

பிறகு அதிபர் ட்ரூமன் நாடு முழுவதற்கும் அத்தகைய திட்டத்தைக் கேட்டார். அமெரிக்க மருத்துவர் சங்கம் 1949-ல் ஆண்டுக்கு 100,000 டாலர் பேசி இவர்களை அழைத்தது. ஒவ்வொரு மருத்துவரிடமும் 25 டாலர் வசூலித்தது. ‘சோஷலிச வைத்தியம்’ என்ற சொல் ஊரெங்கும் ஒலித்தது. 1891-ல் லூக் ஃபில்ட்ஸ் என்ற ஆங்கில ஓவியர் வரைந்த ‘தி டாக்டர்’ என்ற புகழ்பெற்ற படம் உண்டு. ஏழைத் தொழிலாளியின் குடிசை. இரண்டு நாற்காலிகளைச் சேர்த்துப் போட்ட படுக்கையில் நோயுற்ற குழந்தை. அருகில் கன்னத்தில் கைவைத்து அமர்ந்திருக்கும் மருத்துவர். பின்னால் செய்வதறியாத தாய் தகப்பன். அந்தப் படத்தை அச்சிட்டு, இதற்குள் அரசியலை நுழைய விடாதீர்கள் என்ற கருத்தில் வாசகம் சேர்த்து, மருத்துவர்களின் அறைகளில் தொங்கவிட்டார்கள். ஏழைக் குழந்தையின் படத்தைக் காட்டியே ஏழைக் குழந்தைக்கான திட்டம் வீழ்த்தப்பட்டது. ட்ரூமனின் எண்ணம் நிறைவேறவில்லை.

ஒன்றைச் சொல்லாவிட்டால் நான் நியாயம் தவறியவன் ஆவேன். அரசாங்க அதிகாரி தமக்கும் நோயாளிக்கும் நடுவே வந்துவிடுவார் என்று உண்மையாகவே அஞ்சிய மருத்துவர்களும் இருந்தார்கள். அது ஒரு கருத்து. அதைப் பேசலாம், வாதாடலாம். ஆனால் விளக்கம் கேட்க மக்களுக்கு நேரம் கொடுக்காமல் பயத்தை மட்டும் கொடுத்தது வேறு விஷயம். 1933 முதல் 1955 வரை நடத்திய 75 பிரசாரங்களில் 70-ல் அந்த நிறுவனம் வென்றதாகக் கணக்கு.

விட்டேக்கர் 1961-ல் காலமானார். 1965 ஜூலை 30-ல் அதிபர் ஜான்சன், 65 வயதான முதியோருக்கு மருத்துவக் காப்புறுதி தரும் சட்டத்தில், ட்ரூமனின் ஊருக்கே சென்று அவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கையெழுத்திட்டார். ட்ரூமனுக்கு அப்போது 81 வயது. இடைப்பட்ட ஆண்டுகளில் கடன் வாங்கி வைத்தியம் பார்த்தவர்களும், பார்க்க முடியாமல் போனவர்களும் எந்தக் கணக்கில் வருவார்கள்?

வாசகர்களே, அந்தக் கடை இன்று உலகமெங்கும் கிளை விட்டிருக்கிறது. முன்பு முதல் பக்கத்தில் கட்டம் கட்டி வந்த வரி, இப்போது கைத்தொலைபேசியில் வந்து விழுகிறது. கோபம் வரும்படியான ஒரு வரி உங்கள் கைக்கு வந்தால், அடுத்தவருக்குத் தள்ளிவிடுமுன் மூன்று கேள்வி கேளுங்கள். இதைச் சொன்னவர் யார்? இதற்கு முன்னும் பின்னும் என்ன சொன்னார்? இதை என் கண்ணில் படவைக்கப் பணம் கொடுத்தவர் யார்? எழுத்தறிந்த பிள்ளைகள் வீட்டுப் பெரியவர்களுக்கு முழுச் செய்தியையும் படித்துக் காட்டட்டும்; தலைப்போடு நிறுத்திவிட வேண்டாம். யார் சொன்னாலும் மெய் எதுவென்று பார் என்றுதானே வள்ளுவரும் நமக்குச் சொல்லி வைத்தார்!