மூச்சுவிடும் மண்

ஊரே ஓர் உயிராக மூச்சுவிடும். அதன் சுவர்தான் தோல், குடிமக்கள்தான் ரத்தம். புனைகதை எழுதுகிறவர்கள் இப்படியொரு நாகரிகத்தைக் கற்பனை செய்து பார்ப்பதுண்டு. திருச்சுழி வட்டாரத்து மானாவாரிக் காடுகளில் இதற்குக் கற்பனையே தேவையில்லை. செவல் நிலத்து வரப்போரத்தில், வேம்படியில், நிற்கிற புற்றுதான் அந்த ஊர்.

மஞ்சள் பூசி, பால் ஊற்றி, முட்டை வைத்துக் கும்பிடுகிற புற்றின் மேல் யாரும் கைவைப்பதில்லை. திருவாரூரில் மூலவருக்கே புற்றிடங்கொண்டார் என்று பெயர். சங்கரன்கோவிலில் புற்றுமண்தான் பிரசாதம். ஆனால் பக்கத்துக் காட்டில் சாமி இல்லாமல் நிற்கிற புற்றுக்கு இந்தப் பாதுகாப்பு எதுவும் கிடையாது. வேலிக்கருவையை அழிக்க வருகிற ஜேசிபியின் முதல் வாளியிலேயே அது போய்விடுகிறது.

புற்று என்றதும் பாம்புதான் நினைவுக்கு வரும். பாம்பு பின்னால் குடிவந்தது. கட்டியது கறையான், தென்மாவட்டத்தார் வாயில் செல்லு. வெள்ளெறும்பு என்று சிலர் சொன்னாலும் அது எறும்புக்குச் சொந்தமில்லை, கரப்பான்பூச்சியின் வகையறா. 2007இல் வெளியான மரபணு ஆய்வு அதை உறுதிசெய்தது. நம் பக்கம் பெரிதாகப் புற்றெடுக்கிற இனத்துக்கு ஓடொன்டோடெர்மிஸ் ஒபீசஸ் என்று பெயர். வேலைக்காரக் கறையான்களுக்குக் கண் தெரியாது, மேஸ்திரியும் கிடையாது. ஈரமண்ணை உருட்டி, எச்சிலில் குழைத்து, ஒன்று வைத்த இடத்தில் இன்னொன்று வைக்கிறது. அப்படி எழும்புகிற சுவர், அதே மண் சும்மா கிடக்கும்போது இருப்பதைவிடப் பத்து மடங்கு வலுவாக இருப்பதை பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் ஆய்வாளர்கள் அளந்து பார்த்தார்கள்.

உள்ளே விவசாயமும் நடக்கிறது. மென்று கழித்த இலைதழையைத் தேனடைபோலக் கட்டி, அதில் காளான் வளர்த்து உண்கின்றன. மனிதர் பயிர்செய்யத் தொடங்கிச் சுமார் பத்தாயிரம் ஆண்டுதான் ஆகிறது. கறையான் மூன்று கோடி ஆண்டுகளாக இதைச் செய்துவருகிறது. மழைக்குப் பின் புற்றைச் சுற்றி முளைக்கிற புற்றுக்காளானைப் பறித்துக் குழம்பு வைக்கிற வீடுகளுக்கு அந்த விளைச்சலின் ருசி தெரியும்.

லட்சக்கணக்கான உயிர்கள் அடைபட்டிருக்கிற இடத்தில் காற்று எப்படிப் போய்வருகிறது? இந்தப் புற்றுக்கு வெளியே திறந்த வாசலே இல்லை. சென்னை ஐ.ஐ.டி.யில் படித்தவரும் ஹார்வர்டு பேராசிரியருமான எல். மகாதேவனும் அவருடைய சகாக்களும் இந்தியாவிலுள்ள புற்றுகளில் கருவி பொருத்திப் பார்த்து, 2015இல் விடை சொன்னார்கள். புற்றின் வெளிப்புறத்தில் மடிப்பு மடிப்பாக இருக்கும் மெல்லிய பகுதி பகல் வெயிலில் சீக்கிரம் சூடாகிறது. அங்கே காற்று மேலேறி, நடுப்பகுதி வழியாகக் கீழிறங்குகிறது. இரவில் வெளிப்புறம் முதலில் குளிர்ந்துவிடுவதால் ஓட்டம் திசைமாறுகிறது. கெட்ட காற்று சுவரின் நுண்ணிய துளைகள் வழியாகக் கசிந்து வெளியேறுகிறது. கரண்டுமில்லை, மின்விசிறியுமில்லை. வெயில் கொளுத்துகிற பகலும் அது தணிகிற இரவும் போதும். அவை இரண்டும் திருச்சுழியில் தாராளமாக உண்டு.

தென்னாப்பிரிக்கக் கவிஞர் யூஜீன் மரேய் 1920களிலேயே துணிந்து ஒன்று சொன்னார். புற்று என்பது வீடு அல்ல, உடம்பு. ராணி அதன் மூளை, காளான் தோட்டம் வயிறு, வேலைக்காரக் கறையான்கள் ரத்த அணுக்கள். ராணியை மூளை என்றதை இன்றைய அறிவியல் ஏற்பதில்லை. ராணி கட்டளை எதுவும் இடுவதில்லை, நாளுக்கு ஆயிரக்கணக்கில் முட்டையிடுகிறது. ஆனாலும் மரேய் மையத்தைத் தொட்டுவிட்டார். கறையானைத் தனியே எடுத்து வெயிலில் போட்டால் சற்று நேரத்தில் காய்ந்து சாகும். கறையான் இல்லாத புற்று மழையில் கொஞ்சம் கொஞ்சமாகக் கரையும். அதில் உயிர் எது, ஊர் எது என்று கோடு கிழிக்க முடியாது. மழை பெய்த அந்தியில் புறப்படுகிற ஈசலில் எங்கோ ஒரு ஜோடி தப்பிப் பிழைத்து, சிறகை உதிர்த்து, மண்ணுக்குள் இறங்கினால்தான் அடுத்த ஊர் பிறக்கும். பிடித்து வறுத்து, பொரியோடும் பொட்டுக்கடலையோடும் தின்கிற சுகத்தில் இது நமக்கு மறந்துவிடுகிறது.

வானம் பார்த்த பூமிக்கு இந்த ஊரால் என்ன லாபம் என்று கேட்கலாம். முதலாவது தண்ணீர். ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரர் எழுதிய பிருகத் சம்கிதையில் நிலத்தடி நீர் பார்க்க ஓர் அத்தியாயமே இருக்கிறது. இன்ன மரத்துக்கு இன்ன திசையில் புற்றிருந்தால் இத்தனை ஆழத்தில் நீர் என்று அடையாளம் சொல்கிறது. ஈரமில்லாமல் கறையான் பிழைக்காது, ஆழத்திலிருந்தாவது கொண்டுவரும் என்பதுதான் அதன் அடிப்படை.

அடுத்தது மண். மேற்கு ஆப்பிரிக்காவின் புர்கினா ஃபாசோவில் யாகூபா சவடோகோ என்ற விவசாயி, பாறைபோல இறுகிய தரிசில் குழிவெட்டி எருப்போட்டார். எருவைத் தேடி வந்த கறையான்கள் மண்ணைத் துளைத்தன. துளைவழியே மழை உள்ளே இறங்கியது. சோளம் விளைந்தது, பிறகு காடே எழுந்தது. புற்றுள்ள வறண்ட நிலம் பாலையாவதை எதிர்த்து நிற்கும் என்று 2015இல் சயின்ஸ் இதழில் வந்த ஆய்வும் சொல்கிறது.

கறையானால் நஷ்டப்பட்ட சம்சாரியிடம் இதைச் சொன்னால் கோபம் வரும், அது நியாயமான கோபம். நிலக்கடலையைச் சுரண்டும், விட்டத்தை அரிக்கும், ஓலைச்சுவடியையும் விடாது. பயிருக்குள்ளும் வீட்டுக்குள்ளும் அதைத் தடுக்கத்தான் வேண்டும். இங்கே பேச்சு, பொழியிலும் தரிசிலும் யாருக்கும் இடைஞ்சலில்லாமல் நிற்கிற புற்றுகளைப் பற்றியது. இதற்குத் தனிச் சட்டமோ அரசுத் திட்டமோ தேவையில்லை. காடு திருத்துகிறவர் ஜேசிபி ஓட்டுநரிடம் முதலிலேயே சொல்லி, புற்றைச் சுற்றி நாலடி விட்டுவிடச் செய்யலாம். மணிக்கணக்கில் வாடகை வாங்குகிற வண்டிக்கு அதைச் சுற்றிப் போக ஒரு நிமிடம்கூடக் கூடுதலாகாது.